304 ஆடிப் பழகிய கை பிரிட்ஜில் எப்படிக் கேள்வி கேட்பது?

கனகராயன் (மாங்குளம்)

எல்லோருக்கும் வணக்கம். இங்கே நாங்கள் நாலு பேர் சனிக்கிழமை பின்னேரங்களில் வாசிகசாலையில் கூடிப் பிரிட்ஜ் என்ற கடதாசி ஆட்டம் ஆடுகிறோம். நாலு பேருமே சின்ன வயதிலிருந்து 304 என்ற நம்மூர்க் கடதாசி ஆட்டத்தை ஆடியவர்கள். செத்தவீட்டிலும் கோயில் திருவிழாவிலும் விடிய விடிய ஆடிய ஆட்கள்தான். கொழும்பில் வேலை செய்துவிட்டு வந்த ஒருவர் பிரிட்ஜின் விதிகளைச் சொல்லித் தந்தார். விதி விளங்கிவிட்டது. கடதாசி இறக்குவதும் பரவாயில்லை. கேள்விதான், அதாவது எத்தனை பிடி எடுப்போம் என்று ஏலம் கேட்பதுதான் சிக்கல். பத்துப் பதினொரு பிடி எடுக்கக்கூடிய கைகளில் இரண்டிலேயே (ஆறுக்கு மேல் இரண்டு, அதாவது எட்டுப் பிடி) நின்றுவிடுகிறோம்.

போன கிழமை வந்த கை இது.

வடக்கு: ஸ்பேட் ஏஸ், ராசா, 8, 4, 2. ஹார்ட் 7, 3. டயமண்ட் ராசா, ராணி, 6. கிளப் ஜாக், 9, 5.

தெற்கு: ஸ்பேட் ராணி, 9, 6, 3. ஹார்ட் ஏஸ், 8, 5, 4. டயமண்ட் ஏஸ், ஜாக், 4, 2. கிளப் 8.

வடக்கு 1 ஸ்பேட் கேட்டது, தெற்கு 2 ஸ்பேட் சொன்னது, வடக்கு பாஸ். எதிராளிகள் வாயே திறக்கவில்லை. 11 பிடி வந்தது. இதில் யார் மேலே போயிருக்க வேண்டும்? எதைப் பார்த்துப் போவது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

மல்லாவி மாஸ்டர்

தம்பி, நல்ல கையைத்தான் போட்டிருக்கிறீர். இதை வைத்தே நிறையக் கதைக்கலாம்.

முதலில் கணக்கு. ஏஸுக்கு 4, ராசாவுக்கு 3, ராணிக்கு 2, ஜாக்குக்கு 1. கட்டு முழுக்க 40 புள்ளி. வடக்கிடம் 13, தெற்கிடம் 11, மொத்தம் 24. கேமுக்கு (பெரிய பரிசுப் புள்ளி தரும் அளவுக் கேள்வி, ஸ்பேடில் 4) 25 வேண்டும் என்று எல்லோரும் மனப்பாடம் செய்து வைத்திருப்பதால் தெற்கு தயங்கியிருக்கும்.

ஆனால் அந்த 25 என்பது இரண்டு கையும் மட்டமாக (எல்லா இனத்திலும் ஏறக்குறையச் சமமாக) இருக்கும்போது பொருந்துகிற கணக்கு. துணைவர் ஸ்பேட் கேட்டு, உம்மிடமும் நாலு ஸ்பேட் இருந்தால் கையை மறுபடி எண்ண வேண்டும். ஒரு இனத்தில் இரண்டே கடதாசி என்றால் 1, ஒற்றைக் கடதாசி என்றால் 3, ஒன்றுமே இல்லை என்றால் 5 கூட்டுங்கள். தெற்கிடம் கிளப் ஒற்றை. அப்போது 11 என்பது 14 ஆகிவிடுகிறது. துணைவரின் தொடக்கக் கேள்விக்குக் குறைந்தது 12 இருக்கும். 14ஐயும் 12ஐயும் கூட்டினால் 26. தெற்குதான் போயிருக்க வேண்டும், வடக்கில் பிழை இல்லை. 2 ஸ்பேட் என்றால் "என்னிடம் 6 முதல் 9 வரைதான்" என்று அர்த்தம். அதைக் கேட்டு வடக்கு பாஸ் சொன்னது சரிதான்.

3 ஸ்பேட் சொன்னால் 10, 11, 12 அளவில் இருக்கிறது, நீர் தீர்மானியும் என்று பொருள். அதற்கு மேல் இருந்தால் துணைவரிடம் பொறுப்பைத் தள்ளக்கூடாது, நீரே கேமுக்குப் போக வேண்டும்.

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். 304 இல் கேள்வி என்பது ஒருவருடைய துணிவு. நாலு கடதாசியைப் பார்த்து, ஜாக்கும் ஒன்பதும் கையில் இருந்தால் நூற்றி அறுபது கேட்டுத் துரும்பை (மற்ற இனங்களை வெட்டும் இனத்தை) நாமே வைத்துக்கொள்கிறோம். துணைவர் உதவுவார் என்ற நம்பிக்கைதான், அவரிடம் என்ன இருக்கிறது என்று கேட்டு அறிய வழி குறைவு. பிரிட்ஜில் அப்படியில்லை. கேள்வியில் நீர் உம்முடைய கையைத் துணைவருக்கு விவரிக்கிறீர். 35 கேள்வி, பாஸ், எதிராளியின் கேள்விக்குப் புள்ளியைக் கூட்டும் டபுள், அதற்குப் பதிலான ரீடபுள். இவ்வளவுதான் மொழி. ஒவ்வொரு முறை வாய் திறக்கும்போதும் இரண்டு விஷயம் சொல்ல வேண்டும்: எந்த இனம் நீளம், எவ்வளவு பலம். "நான் இதை எடுத்துவிடுவேனா?" என்று யோசிப்பதை விட்டுவிட்டு "துணைவருக்கு இன்னும் எது தெரியவில்லை?" என்று யோசித்துப் பாருங்கள். ஆறு மாதத்தில் வரக்கூடிய முன்னேற்றம் ஒரு மாதத்தில் வரும்.

---

அறிவியல்நகர்

சேர் சொன்னதோடு ஒன்று சேர்க்கலாமா? தெற்கின் கைக்கு இன்னும் அழகான கேள்வி ஒன்று இருக்கிறது. 1 ஸ்பேடுக்கு நேரே 4 கிளப். அதை ஸ்பிளின்டர் என்பார்கள். "நாலு ஸ்பேட் இருக்கிறது, கேம் பலம் இருக்கிறது, கிளப்பில் ஒற்றைக் கடதாசி அல்லது ஒன்றுமில்லை" என்று ஒரே கேள்வியில் மூன்று செய்தி. இந்தக் கையில் 12 பிடிகூட எடுக்கலாம். ஒரு கிளப் மட்டும்தான் தோற்கிறோம், கையில் இருக்கும் ஹார்ட் 3ஐ டம்மியின் (மேசையில் விரித்து வைக்கும் துணைவர் கையின்) நாலாவது டயமண்டில் கழித்துவிடலாம்.

நான் இங்கே பொறியியல் பீடத்தில் படிக்கிறேன். எங்கள் விடுதியில் ஐந்தாறு பேர் ஆடுகிறோம். ஸ்டேமன், ட்ரான்ஸ்பர், பிளாக்வுட், ஸ்பிளின்டர் என்று துணைவரோடு முன்பே பேசி வைக்கும் கேள்வி மரபுகள் எல்லாம் பழகிவிட்டோம். கனகராயன் அண்ணை, நீங்களும் இவற்றைப் படியுங்கள், கேள்வி உடனே திருந்தும்.

---

மல்லாவி மாஸ்டர்

//இவற்றைப் படியுங்கள், கேள்வி உடனே திருந்தும்//

தம்பி, இதில் நான் உம்மோடு உடன்படமாட்டேன். ஸ்பிளின்டர் நல்ல கேள்விதான், மறுக்கவில்லை. ஆனால் 11 புள்ளி 14 ஆவதைக் காணத் தெரியாத ஒருவர் ஸ்பிளின்டரை மனப்பாடம் செய்தாலும் அது வரவேண்டிய கையில் அவருக்கு நினைவு வராது. முதலில் கையை மதிப்பிடும் கண் வர வேண்டும். புதுமரபு ஒன்றைச் சேர்த்தால் அதை மறக்கக்கூடிய இடமும் ஒன்று சேருகிறது. துணைவர் மறந்துபோன மரபைப் போல ஆபத்தான சாமான் இந்த ஆட்டத்தில் வேறில்லை. 4 கிளப்பை உண்மையான கிளப் என்று நினைத்து அவர் பாஸ் சொன்னால் ஒற்றைக் கடதாசி இனத்தைத் துரும்பாக வைத்துப் பத்துப் பிடி எடுக்க வேண்டி வரும்.

கேம் எதற்கு முக்கியம் என்பதையும் சொல்லிவிடுகிறேன், 304 ஆட்களுக்கு இது புதிது. ஸ்பேடும் ஹார்ட்டும் பிடிக்கு 30, டயமண்டும் கிளப்பும் 20, நோ-ட்ரம்ப் (துரும்பு இல்லாத ஆட்டம்) முதல் பிடி 40, அதற்குப் பிறகு 30. கேட்ட அளவில் இது 100 ஐத் தொட்டால்தான் கேம். நீங்கள் எடுத்த 11 பிடிக்கு 2 ஸ்பேடில் கிடைத்தது 200. அதே 11 பிடிக்கு 4 ஸ்பேட் கேட்டிருந்தால் 450, வல்னரபிள் (பரிசும் தண்டமும் கூடுதலான நிலை) என்றால் 650. எடுத்த பிடி ஒன்றுதான், கேட்காததுதான் வித்தியாசம்.

---

பாலியாறு

304 இலிருந்து வருகிறவர்களுக்கு நான் கவனித்த விஷயங்களை எழுதுகிறேன். எங்கள் பகுதியில் நாலைந்து பேருக்குப் பழக்கியிருக்கிறேன். எல்லோரும் இதே இடங்களில்தான் தடுக்கினார்கள்.

கடதாசியின் வரிசை எல்லோருக்கும் தெரியும்: 304 இல் ஜாக் 30, ஒன்பது 20, ஏஸ் 11, பத்து 10, ராசா 3, ராணி 2. ஒரு இனத்துக்கு 76, நாலு இனத்துக்கும் 304. இந்த வரிசை மூளையில் அல்ல, விரலில் ஏறியிருக்கிறது. ஜாக், ஒன்பது வைத்திருக்கிற கையைக் கண்டால் நெஞ்சு நிமிர்கிறது. பிரிட்ஜில் அந்த இரண்டும் சேர்ந்தே ஒரு புள்ளிதான்.

அதைவிடப் பெரியது, புள்ளி போடும் பழக்கம். துணைவர் பிடிக்கப்போகிற பிடியில் பத்தையோ ஏஸையோ போட்டுப் புள்ளி சேர்ப்பது 304 இல் நல்ல ஆட்டம். பிரிட்ஜில் எல்லாப் பிடியும் ஒன்றுதான், ஏஸ் விழுந்த பிடிக்கும் இரண்டு விழுந்த பிடிக்கும் ஒரே மதிப்பு. துணைவரின் ராசா மேல் என் ஏஸைப் போட்டால் இரண்டு பிடி எடுக்க வேண்டிய கடதாசிகள் ஒரு பிடியில் செத்துப்போகும். இதைச் சொல்லிக் கொடுத்தும் முதல் சில வாரம் கை தானாகப் போய் ஏஸைப் போடும்.

அப்புறம் துரும்பு. 304 இல் துரும்பு இல்லாத ஆட்டமே கிடையாது, அதனால் நோ-ட்ரம்ப் என்றாலே ஒதுங்குகிறார்கள். ஆனால் 9 பிடியில் கேம் கிடைப்பது அங்கேதான். இரண்டு கையும் மட்டமாக, 25 புள்ளி அளவில், பெரிய இனத்தில் (ஸ்பேட், ஹார்ட்) எட்டுக் கடதாசிப் பொருத்தம் இல்லாமல் இருந்தால் 3 நோ-ட்ரம்ப். டயமண்டிலோ கிளப்பிலோ 11 பிடி எடுப்பதைவிட அது எவ்வளவோ இலேசு.

எண்ணுவது கடைசி. 32 கடதாசி, ஆளுக்கு எட்டு என்றால் யாரிடம் என்ன போனது என்று நம் ஆட்கள் கண்ணை மூடிக்கொண்டு சொல்வார்கள். 52 என்றதும் கைவிடுகிறார்கள். நான் சொல்வது, எல்லாவற்றையும் எண்ணப் போகாதீர்கள். முதல் மாதம் துரும்பை மட்டும் எண்ணுங்கள். எங்களிடம் எட்டு என்றால் வெளியே ஐந்து. அது 3-2 ஆகப் பிரிவதற்கு 68%, 4-1 க்கு 28%. எங்களிடம் ஒன்பது என்றால் வெளியே நாலு, அது 2-2 ஆவதைவிட 3-1 ஆவதே அதிகம், 40 க்கு 50. இந்த நாலு எண்ணும் தெரிந்தால் பாதித் தீர்மானம் அதிலேயே கிடைத்துவிடும்.

சுற்றும் திசையும் மாறுகிறது, 304 வலப்பக்கம் போகும், இது இடப்பக்கம். இரண்டு மூன்று ஆட்டத்தில் பழகிவிடும்.

---

கனகராயன்

மாஸ்டர், பாலியாறு அண்ணை, மிக்க நன்றி. புள்ளி போடுகிற விஷயம் எங்கள் மேசையில் அப்படியே நடக்கிறது.

ஆட்டத்தைப் பற்றியும் ஒன்று கேட்கிறேன். 3 நோ-ட்ரம்ப், தெற்கு ஆடுகிறது.

வடக்கு (டம்மி): ஸ்பேட் ராணி, 7, 2. ஹார்ட் 7, 4. டயமண்ட் ஏஸ், ராணி, 8, 5, 3. கிளப் ராசா, 6, 5.

தெற்கு: ஸ்பேட் ஏஸ், ராசா, 4. ஹார்ட் ஏஸ், 6, 3. டயமண்ட் ஜாக், 10, 9. கிளப் ஏஸ், 9, 7, 2.

மேற்கு ஹார்ட் ராசாவை இறக்குகிறது. எங்களில் இருவர் உடனே ஏஸால் பிடித்து டயமண்டுக்குப் போக வேண்டும் என்கிறார்கள், ஒருவர் பொறு என்கிறார். எது சரி?

---

முள்ளியவளை

பொறு என்றவர் பக்கம்தான் நான்.

(நான் இப்போது கனடாவில் ஒரு பிரிட்ஜ் கிளப்பில் ஆடுகிறேன். ஊர் முள்ளியவளைதான். ஊரில் பிரிட்ஜ் மேசை ஒன்று இருக்கிறது என்று வாசிக்கவே சந்தோஷமாக இருக்கிறது.)

டம்மி விழுந்ததும் ஒரு கடதாசியும் தொடாமல் எண்ணுங்கள். நோ-ட்ரம்பில் நிச்சயமான பிடிகளை எண்ண வேண்டும்: ஸ்பேட் 3, ஹார்ட் 1, டயமண்ட் 1, கிளப் 2. மொத்தம் 7. இன்னும் இரண்டு வேண்டும், அது டயமண்டில்தான் வரும். ஜாக்கைக் கையிலிருந்து இறக்கி டம்மியில் சின்னது போடுவோம். டயமண்ட் ராசா மேற்கிடம் இருந்தால் ஐந்து பிடியும் நமக்கு. கிழக்கிடம் இருந்தால் ஒரு பிடி தோற்று நாலு எடுக்கிறோம். அதாவது தோற்றாலும் மொத்தம் 10 வருகிறது. அப்படியானால் இந்த ஆட்டம் எதில் உடையும்? ஹார்ட்டில் மட்டும்தான்.

வெளியே எட்டு ஹார்ட். ராசா இறங்கியது என்றால் மேற்கிடம் ராசா, ராணி, ஜாக் என்று தொடர்ச்சி இருக்கும், ஐந்து கடதாசி இருக்கலாம், கிழக்கிடம் மூன்று. முதல் பிடியிலேயே ஏஸைப் போட்டால், கிழக்கு டயமண்ட் ராசாவால் பிடித்து மிச்சமிருக்கும் ஹார்ட்டைத் திருப்பி இறக்கும். மேற்கு நாலு ஹார்ட் எடுக்கும். நாலும் ஒன்றும் ஐந்து, ஆட்டம் போச்சு.

முதல் பிடியையும் இரண்டாம் பிடியையும் விட்டுக்கொடுத்து மூன்றாவதில் ஏஸைப் போடுங்கள். இப்போது கிழக்கிடம் ஹார்ட் தீர்ந்துவிட்டது. டயமண்ட் ராசாவால் அது பிடித்தாலும் மேற்குக்குக் கொடுக்க வழி இல்லை. ஹார்ட் 4-4 ஆக இருந்து கிழக்கிடம் இன்னொன்று மிஞ்சினாலும் பயமில்லை, மொத்தமே மூன்று ஹார்ட்டும் ஒரு டயமண்டும்தான் தோற்கிறோம், 9 பிடி வருகிறது. எத்தனை தரம் விட வேண்டும் என்பதற்கு ஒரு கணக்கு உண்டு: அந்த இனத்தில் இரண்டு கையிலும் இருக்கும் கடதாசியைக் கூட்டி ஏழிலிருந்து கழியுங்கள். இங்கே ஐந்து. ஏழில் ஐந்து போனால் இரண்டு.

அப்புறம், முதலாவது கையிலும் ஒரு பாடம் இருக்கிறது. அந்த 4 ஸ்பேடில் துரும்பு முழுவதையும் உடனே இழுத்துவிடக் கூடாது. டம்மியின் துரும்புகள் உங்கள் கிளப்களை வெட்டுவதற்குத் தேவை. 304 இல் ஜாக்கும் ஒன்பதும் கையில் வந்ததும் துரும்பை இழுக்கத்தான் தோன்றும். பிரிட்ஜில் இழுப்பதற்கு முன் டம்மியில் வெட்ட வேண்டியது ஏதும் இருக்கிறதா என்று பாருங்கள். முதலில் ஒரு கிளப்பைக் கொடுத்துவிட்டு வழியைத் திறவுங்கள்.

---

வவுனியா ரீச்சர்

எல்லோருடைய பதிவையும் வாசித்தேன். நான் கணிதம் படிப்பிக்கிறேன். சாதாரண தரப் பரீட்சை முடிந்து வீட்டில் இருக்கும் பிள்ளைகளுக்கு இதைப் பழக்கலாமா என்று கன நாளாக எண்ணம். ஆனால் காட்ஸ் கட்டைக் கண்டாலே தாய்மாருக்குக் காசு வைத்து ஆடும் ஞாபகம்தான் வருகிறது. அவர்களைப் பிழை சொல்ல முடியாது. அந்த ஆட்டத்தால் குடும்பங்கள் பட்ட பாட்டை நானே பார்த்திருக்கிறேன். அவர்களுக்கு என்ன சொல்வது? எங்கிருந்து தொடங்குவது?

---

முள்ளியவளை

ரீச்சர், காசு ஒரு சதமும் மேசையில் இல்லை என்பதை முதல் நாளே தாய்மாரைக் கூப்பிட்டுக் காட்டுங்கள். கதவைத் திறந்து வைத்து, அவர்கள் வந்து பார்க்கிற இடத்தில் நடத்துங்கள். 2018 இல் ஜகார்த்தாவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் பிரிட்ஜும் இருந்தது. ஆண்கள் இணையர் பிரிவில் இந்தியாவின் பிரணாப் பர்தனும் சிப்நாத் சர்க்காரும் தங்கம் எடுத்தார்கள். அப்போது பர்தனுக்கு 60 வயது. ஓட்டப் போட்டிக்குப் பதக்கம் கொடுத்த அதே விழாவில் இதற்கும் கொடுத்தார்கள் என்றால் தாய்மார் கொஞ்சம் காது கொடுப்பார்கள்.

தொடங்குவதற்கு மினிபிரிட்ஜ் நல்லது. அதில் கேள்வியே இல்லை. ஒவ்வொருவரும் தன் புள்ளியைச் சொல்வார்கள். கூடப் புள்ளி உள்ள பக்கம் ஆடும். அந்தப் பக்கத்தில் அதிகம் வைத்திருப்பவர் டம்மியைப் பார்த்துவிட்டு எந்த இனம் துரும்பு, கேமா இல்லையா என்று தீர்மானிப்பார். பிள்ளைகளுக்கு ஒரு மணித்தியாலத்தில் பிடிபடும். கூட்டல், கழித்தல், நிகழ்தகவு எல்லாம் தானாக வரும், அது உங்கள் பாடம்தானே.

---

பாலியாறு

ரீச்சருக்கு இன்னொன்று. பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கும்போது சைகையைப் பற்றி முதலிலேயே கண்டிப்பாக இருங்கள். 304 இல் இருமுவது, கண்ணைக் காட்டுவது, கடதாசியை ஓங்கிப் போடுவது எல்லாவற்றையும் பலர் ஆட்டத்தின் பகுதியாகவே எடுத்துக்கொள்கிறார்கள். பிரிட்ஜில் அது ஒன்றுக்கும் இடமில்லை. துணைவர் தயங்கினார் என்பதை வைத்து நான் ஒரு கேள்வியை மாற்றினால்கூடப் பிழை. அதுமட்டுமில்லை, எங்களுக்குள் ஒரு ஏற்பாடு இருந்தால் அது எதிராளிக்கும் தெரிந்திருக்க வேண்டும். 4 கிளப் என்றால் என்ன என்று அவர்கள் கேட்டால் சொல்லத்தான் வேண்டும். ஒளித்து வைக்கும் மரபு கிடையாது. எனக்கு இந்த ஆட்டத்தில் மிகவும் பிடித்ததே இதுதான்.

கேள்விப் பெட்டி (கேள்விச் சீட்டுகள் உள்ள பெட்டி) இங்கே வாங்க முடியாது, தேவையும் இல்லை. ஒரு கொப்பித் தாளில் நாலு கட்டம் போட்டு, கேள்வியை வாயால் சொல்லாமல் எழுதிச் சுற்றுங்கள். குரலின் ஏற்ற இறக்கத்தால் துணைவருக்குச் செய்தி போகாது.

---

அறிவியல்நகர்

எங்கள் விடுதியில் ஒரே கையை இரண்டு மேசையில் ஆடுகிறோம். அதற்குக் கைகளை அப்படியே வைத்து அனுப்பும் பலகைகள் விற்பார்களாம், எங்களிடம் இல்லை. நாங்கள் தபால் உறைகளை வைத்துச் செய்கிறோம். ஒரு கைக்கு நாலு உறை: வடக்கு, கிழக்கு, தெற்கு, மேற்கு. ஆடும்போது கடதாசியை நடுவில் எறிவதில்லை, ஆளாளுக்குத் தன் முன்னாலேயே வைத்துக்கொள்கிறோம். எடுத்த பிடி என்றால் நெட்டுக்கு, தோற்ற பிடி என்றால் குறுக்காக. முடிந்ததும் தன் பதின்மூன்றையும் தன் உறைக்குள் போட்டு அடுத்த மேசைக்கு அனுப்புவது.

எட்டுப் பேர் வேண்டும். எங்கள் அணியில் இருவர் ஒரு மேசையில் வடக்கு-தெற்கு, மற்ற இருவர் அடுத்த மேசையில் கிழக்கு-மேற்கு. நல்ல கடதாசி வந்தது, வரவில்லை என்ற பேச்சு இதோடு போய்விட்டது. கனகராயன் அண்ணையின் அந்தக் கையை ஒரு மேசை 2 ஸ்பேடிலும் மற்றது 4 ஸ்பேடிலும் ஆடினால் வித்தியாசம் 250. சர்வதேச அட்டவணைப்படி அது 6 இம்ப் (அணி ஆட்டத்தில் வித்தியாசத்தை அளக்கும் புள்ளி). வல்னரபிள் என்றால் 450, அது 10 இம்ப். வல்னரபிளாக இருக்கும்போது கேமுக்குச் சுமார் 38% வாய்ப்பு இருந்தாலே கேட்பது இலாபம் என்பதும் இந்த அட்டவணையில் இருந்துதான் வருகிறது.

எட்டுப் பேர் சேராத நாளில் போனில் பிரிட்ஜ் பேஸ் ஆன்லைன் என்ற இணையத்தளம். அதில் பெரிய ஆட்டக்காரர்கள் ஆடுவதைப் பக்கத்தில் இருந்து பார்க்கலாம். நான் கேள்வியைப் பார்த்துவிட்டு, டம்மி விழும் முன் நாலு கையையும் ஊகித்து எழுதிப் பார்ப்பேன்.

---

மல்லாவி மாஸ்டர்

உறை ஏற்பாடு மிக நன்று தம்பி. இதை மாங்குளத்திலும் செய்யுங்கள்.

ஒரு விஷயம் தீர்மானிக்க வேண்டும். நான் கொழும்பில் பழகியது ஏகோல் என்ற கேள்வி முறை. நாலு கடதாசி ஸ்பேட் இருந்தால் 1 ஸ்பேட் கேட்கலாம், 1 நோ-ட்ரம்ப் என்றால் 12 முதல் 14 புள்ளி. இளம் ஆட்கள் இணையத்தில் பழகுவது ஐந்து கடதாசி முறை (1 ஸ்பேட் கேட்க ஐந்து ஸ்பேட் வேண்டும்), 1 நோ-ட்ரம்ப் 15 முதல் 17. இரண்டும் நல்ல முறைதான். என் மனது ஏகோல் பக்கம், எதிராளிக்கு இடைஞ்சல் அதிகம்.

---

அறிவியல்நகர்

சேர், மரியாதையோடு சொல்கிறேன், புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு ஐந்து கடதாசி முறைதான் இலேசு. 1 ஸ்பேட் என்றதும் மூன்று கடதாசி இருந்தாலே பொருத்தம் எட்டு என்று தெரிந்துவிடும். இணையத்தில் முன்பின் தெரியாத ஒருவரோடு உட்கார்ந்தாலும் இதுதான் ஓடுகிறது.

---

மல்லாவி மாஸ்டர்

அந்தக் கடைசி நியாயத்தை ஏற்றுக்கொள்கிறேன். நான் ஏகோலை விடப்போவதில்லை. கனகராயன், நீங்கள் நாலு பேரும் ஒன்றைத் தெரிந்தெடுத்து ஒரு தாளில் எழுதி மேசையில் ஒட்டுங்கள். எது என்பது இரண்டாம் பட்சம்.

---

வவுனியா ரீச்சர்

நோ-ட்ரம்புக்கு எதிராகத் துணைவர் நீளமான இனத்தில் மேலிருந்து நாலாவது கடதாசியை இறக்குவார் என்கிறார்களே, அதில் பதினொன்றிலிருந்து கழிக்கும் கணக்கு எப்படி?

---

முள்ளியவளை

ரீச்சர், துணைவர் 6 இறக்கினார் என்று வையுங்கள். பதினொன்றில் ஆறு போனால் ஐந்து. அந்த இனத்தில் ஆறைவிடப் பெரியவை மற்ற மூன்று கையிலும் சேர்த்து ஐந்து. டம்மியில் ராசா, 9, 3 இருக்கிறது, உங்களிடம் ஏஸ், ஜாக், 8. டம்மியில் இரண்டு, உங்களிடம் மூன்று, ஐந்து முடிந்தது. ஆடுபவரிடம் ஆறைவிடப் பெரியது ஒன்றுமே இல்லை. டம்மியில் 3 போட்டால் நீங்கள் 8 போட்டாலே பிடி உங்களுடையது. ஏஸும் ஜாக்கும் ராசாவுக்குக் காவலாக அப்படியே இருக்கும்.

ஏன் பதினொன்று என்று பிள்ளைகளையே கண்டுபிடிக்கச் சொல்லுங்கள், அவர்களால் முடியும்.

---

கனகராயன்

எல்லோருக்கும் நன்றி. பேசி முடிவெடுத்தோம், ஐந்து கடதாசி முறை, 15 முதல் 17. மாஸ்டர் மன்னிக்க வேண்டும். காலபோக அறுவடை முடிந்ததும் உறை வைத்து இரண்டு மேசை போடப் பார்க்கிறோம், மல்லாவியிலிருந்தும் பாலியாற்றுப் பக்கத்திலிருந்தும் வந்தால் எட்டுப் பேர் சேரும்.

இன்னும் ஒரு கை மட்டும். துணைவர் 1 நோ-ட்ரம்ப் கேட்கிறார். எதிராளி பாஸ். என்னிடம் ஸ்பேட் ராணி, 10, 8, 6, 3. ஹார்ட் 4. டயமண்ட் 9, 7, 5, 2. கிளப் ஜாக், 8, 3. மூன்றே புள்ளி. பாஸ் தானே?

---

மல்லாவி மாஸ்டர்

பாஸ் இல்லை. உம்முடைய ஸ்பேட் நோ-ட்ரம்பில் ஒரு பிடிகூட எடுக்காமல் போகலாம், அதற்குள் போய்ச் சேர உம் கையில் வேறு வழி இல்லை. அதுவே துரும்பானால் இரண்டு மூன்று பிடி நிச்சயம், ஹார்ட்டையும் வெட்டலாம். கேமைப் பற்றிய பேச்சே இல்லை, நல்ல இடத்தில் நிற்பதுதான் வேலை. எங்கள் முறையில் நேரே 2 ஸ்பேட், துணைவர் பாஸ் சொல்லியாக வேண்டும்.

---

அறிவியல்நகர்

நீங்கள் எடுத்த முறையில் 2 ஹார்ட் கேளுங்கள் அண்ணை. அது ட்ரான்ஸ்பர், துணைவர் 2 ஸ்பேட் சொல்வார், நீங்கள் பாஸ். போய்ச் சேர்கிற இடம் சேர் சொன்ன அதே 2 ஸ்பேட்தான். ஆனால் ஆடுவது துணைவர். அவருடைய 15 புள்ளிக் கை மறைந்திருக்கும், உங்கள் மூன்று புள்ளிதான் மேசையில் விழும். முதல் கடதாசி அவருடைய ஏஸ், ராணிகளுக்குள் வந்து விழுவதால் ஒரு பிடி கூடக் கிடைக்கலாம். இதை மட்டும் நாலு பேரும் சனிக்கிழமைக்கு முன் பழகிவிடுங்கள், 2 டயமண்ட் என்றால் ஹார்ட், 2 ஹார்ட் என்றால் ஸ்பேட்.